சென்றாயன் சொன்ன கடைசி ரீல்

என் அண்ணன் சென்றாயன் செத்த அன்று பந்தலில் உட்கார்ந்திருந்த நாலு பேர், "நல்லாத் தறி ஓட்டுன மனுசன், சினிமாவுக்குப் போயிக் கெட்டுப்போச்சுங்க" என்று பேசிக்கொண்டிருந்தார்கள். எழவு வீடாயிற்றே என்று வாயை மூடிக்கொண்டேன். அதற்கப்புறம் இரண்டு வருஷமாகிறது. இனி மூடிக்கொள்ளப் போவதில்லை. அவர் கெட்டுப்போனார் என்று சொன்ன அந்த நாலு பேரும் ஒருநாள் எடப்பாடி டெண்ட் கொட்டகையில் அவர் கதை சொல்லக் கேட்டு விசிலடித்தவர்கள்தான். அன்றைக்கு அவர் வாயைத் திறக்காமல் இருந்திருந்தால் இதை எழுத நான் உயிரோடு இருந்திருக்க மாட்டேன்.

நான் அவருடைய தங்கை அத்தாயி. ஆரம்பப் பள்ளிக்கூடத்தில் வாத்தியாரம்மாவாக இருக்கிறேன். எங்களுக்கு எடப்பாடி. அப்பனும் ஆத்தாளும் போன பிறகு வீட்டில் இருந்தது ஒரு தறியும் நாங்கள் இரண்டு பேரும்தான். அண்ணனுக்குத் தறிக்குழியில் கால் தரிக்காது. சந்தைப்பேட்டை மைதானத்தில் கரீம் பாஷா டெண்ட் கொட்டகை போட்டதும் அவர் அங்கேயே பழியாகக் கிடந்தார்.

அப்போது ஊமைப் படம். திரைக்குப் பக்கத்தில் ஒருவன் தகரக் குழாயை வாயில் வைத்துக்கொண்டு கதையைச் சொல்ல வேண்டும். சொல்கிறவன் நன்றாகச் சொன்னால் கூட்டம் வரும். இல்லாவிட்டால் நாயும் நரியும்தான் வரும். கரீம் பாஷாவிடம் இருந்த ஆள் குடித்துவிட்டு ராமாயணத்தில் துரியோதனனைக் கொண்டுவந்த அன்று, அண்ணன் எழுந்துபோய்க் குழாயை வாங்கிக்கொண்டார். அன்றிலிருந்து ஆறேழு வருஷம் அது அவர் கையை விட்டு இறங்கவில்லை.

படங்களில் பாதி சீமைப் படம். நடுவில் எழுத்து வரும். அந்த எழுத்து அண்ணனுக்கும் தெரியாது, கூட்டத்துக்கும் தெரியாது. முகத்தைப் பார்த்துக் கதையைப் பிடிப்பார். இந்த மீசைக்காரன் கொழுந்தன், அந்தக் கிழவி மாமியார், இவள் வாழ வந்தவள் என்று உறவுமுறை கட்டிவிட்டால் போதும், எடப்பாடி சனம் மற்றதைத் தானே புரிந்துகொள்ளும்.

ஒரு படத்தை மட்டும் நான் மறக்கவில்லை. பனி கொட்டுகிற ஊர். ஒரு பெண்ணைப் புருஷன் வீட்டார் வெளியே தள்ளுகிறார்கள். அவள் ஆற்றங்கரையில் வந்து நிற்கிறாள். பிறகு ஆற்றிலிருந்து பிணத்தைத் தூக்குகிறார்கள். முதல்நாள் அண்ணன் உள்ளதை உள்ளபடி சொன்னார். பெண்கள் பக்கத்திலிருந்து மண்ணை வாரித் திரையில் அடித்தார்கள். "இதுக்குத்தானாடா காசு குடுத்து வந்தோம்?" என்று ஒருத்தி கத்தினாள். மறுநாள் அண்ணன் ஆபரேட்டரிடம் சொல்லிவைத்து, அந்தப் பெண் கரையில் நிற்கும்போதே படத்தை நிறுத்தச் செய்தார். விளக்கைப் போட்டுவிட்டு மிச்சத்தை வாயால் சொன்னார். அவள் பரிசலைக் கூப்பிட்டாள், ஏறினாள், அக்கரைக்குப் போனாள், அங்கிருந்து சேலத்துக்குப் போய்ப் பிழைத்துக்கொண்டாள். கொட்டகை அதிர்ந்தது. அந்தப் படம் இரண்டு வாரம் ஓடியது. பிணம் வருகிற துண்டு பெட்டியை விட்டு வெளியே வரவேயில்லை.

பேசும் படம் வந்ததும் அண்ணனுக்கு வாய் இருந்தும் வேலை இல்லை. கரீம் பாஷா அழாத குறையாக, "ஏனுங்க சென்றாயா, நான் என்ன செய்வேன், திரையே பேசுதே" என்றார். அண்ணன் சேலத்துக்குப் போனார். கஞ்சமலை பிக்சர்ஸ் என்று ஒரு கம்பெனி, குமாரசாமி என்பவர் முதலாளி. நூல் கமிஷனில் சம்பாதித்து சினிமாவில் இறங்கியவர். அங்கே அண்ணன் முதலில் நடிகர்களுக்கு வசனம் சொல்லிக்கொடுத்தார். பிறகு வசனம் எழுதினார். பிறகு கதையே எழுதினார். சேலத்தில் குகை என்கிற பேட்டையில் வாடகைக்கு ஒரு வீடு பிடித்தார்.

இதற்கு நடுவில் எனக்குக் கல்யாணம் ஆகியிருந்தது. பள்ளிபாளையத்துப் பக்கம். கருப்பண்ணன் என்று பேர். அவன் இவன் என்றுதான் எழுதுவேன், யாரும் திருத்த வேண்டாம். நூல் அறுந்தால் அடி, குழம்பில் உப்புக் கூடினால் அடி, மழை பெய்யாவிட்டாலும் அடி. நான் ஏழு மாதம் முழுகாமல் இருந்தபோது தறிக்கட்டையால் வயிற்றில் அடித்தான். பிள்ளை செத்துப் பிறந்தது. பெண் பிள்ளை. அவனுடைய ஆத்தாள், "பொட்டப்புள்ளைதானே, போனாப் போகட்டும்" என்றாள். நான் எழுந்து நடக்க முடிந்த அன்றைக்குச் சங்ககிரி வரை நடந்து, பஸ் ஏறி, குகையில் அண்ணன் வீட்டு வாசலில் போய் உட்கார்ந்தேன். அண்ணன் சோறு போட்டார். நான் சாப்பிட்டு முடித்ததும், "இனி அங்க போக வேண்டாம் அம்மிணி" என்றார்.

அவர் சொன்னால் ஆகிவிடுமா? எங்கள் சாதியில் தீர்த்துக்கொள்ள வழி உண்டு. இரண்டு பக்கத்துப் பெரியவர்களும் ஒரே இடத்தில் உட்கார வேண்டும். வெற்றிலை மாற்ற வேண்டும். அவர்கள் முன்னால் புருஷனோ பெண்டாட்டியோ ஒரு துரும்பைக் கிள்ளிப் போட்டுவிட்டால் அவன் யாரோ, நான் யாரோ. அவ்வளவுதான், கோர்ட்டும் இல்லை வக்கீலும் இல்லை. கருப்பண்ணனுக்கு இது தெரியாதா? அதனால்தான் மூன்று வருஷம் சபைக்கே வராமல் இழுத்தடித்தான். எங்கள் ஊர்ப் பெரியதனக்காரர் சின்னண்ணன் ஆள் அனுப்பும்போதெல்லாம் அவனுக்குக் காய்ச்சல், அல்லது அவன் பக்கத்துப் பெரியவருக்கு இடுப்பு வலி. சபை கூடினால்தானே துரும்பு? சபை கூடாதவரை நான் அவன் பெண்டாட்டி. எப்போது வேண்டுமானாலும் வந்து தலைமயிரைப் பிடித்து இழுத்துக்கொண்டு போகலாம். ஒருமுறை குகைக்கே வந்து இழுத்தான். தெருவில் எல்லாரும் பார்த்துக்கொண்டு நின்றார்கள். "புருசன் பொண்டாட்டி சமாச்சாரம், நாம என்னத்தப் பேசறது" என்று ஒருவர் சொன்னது என் காதில் விழுந்தது. அண்ணன் உலக்கையைத் தூக்கியதால் அன்றைக்குத் தப்பித்தேன்.

அந்த நாளில்தான் எமில் வந்தார்.

அவர் ஜெர்மன்காரர். பெர்லினில் ஊமைப் படக் காலத்திலிருந்து சினிமாவுக்குக் கதை எழுதியவர். பெரிய பெரிய கம்பெனிகளுக்கு எழுதினாராம். யூதர் என்பதால் அந்த ஊர் ஆட்சி அவர் பேரைப் படங்களிலிருந்து அடித்தது, வேலையைப் பிடுங்கியது, கடைசியில் ஊரை விட்டே துரத்தியது. பம்பாய்க்கு வந்து, அங்கே ஒரு கேமராக்காரரைப் பிடித்து, அவர் மூலம் குமாரசாமி கம்பெனிக்கு வந்து சேர்ந்தார். வெள்ளைக்காரன் எழுதினால் படத்துக்கு மதிப்பு என்று முதலாளிக்கு எண்ணம். எமிலுக்குத் தமிழ் தெரியாது. அண்ணனுக்கு இங்கிலீஷ் அரைகுறை, எமிலுக்கும் அரைகுறை. சொல் கிடைக்காதபோது எமில் நடித்துக் காட்டுவார். அழுகிற பெண்ணாக நடித்தால் எனக்கே கண்ணீர் வரும். குடிகாரனாக நடித்தால் எதிர்வீட்டு நாய் குரைக்கும்.

ஞாயிற்றுக்கிழமைகளில் எங்கள் வீட்டில் சாப்பிடுவார். களி பிடிக்கவில்லை, கொள்ளு ரசம் பிடித்தது. ஒருநாள் அண்ணன் தன் டெண்ட் காலத்தைச் சொல்லிக்கொண்டிருந்தபோது அந்தப் பனி ஊர்ப் படத்தைப் பற்றிப் பேச்சு வந்தது. கொஞ்ச நேரம் கேட்டவர், கையைக் கழுவாமலே எழுந்து நின்றுவிட்டார். அது அவர் எழுதிய படம்.

"என் கதையில் அவள் செத்துவிடுவாள்" என்றார்.

"எடப்பாடியில சாகலீங்க" என்றார் அண்ணன். "சாகடிச்சிருந்தா கொட்டாயியக் கொளுத்தியிருப்பாங்க."

"பிறகு எங்கே போனாள்?"

"சேலத்துக்குங்க."

எமில் சிரித்தார். சிரித்துக்கொண்டே இருந்தார். பிறகு பார்த்தால் அழுதுகொண்டிருந்தார். பெர்லினில் அந்த முடிவுக்காக அவரை மெச்சினார்களாம். ஒருவரும் மண்ணை வாரி அடிக்கவில்லையாம். அடித்திருக்க வேண்டும் என்றார்.

அன்றைக்குத்தான் நான் வாயைத் திறந்தேன். என் கதையைச் சொன்னேன். தறிக்கட்டை, பிள்ளை, மாமியார் சொன்னது, துரும்பு, எல்லாம். அண்ணன் ஒவ்வொன்றாக அரைகுறை இங்கிலீஷில் அவருக்கு எடுத்துச் சொன்னார். துரும்பு வந்ததும் எமில் புரியாமல் விழித்தார். நான் விளக்குமாற்றிலிருந்து ஒரு ஈர்க்கை உருவி, அவர் முன்னால் கிள்ளிப் போட்டேன். 'டிக்' என்று ஒரு சத்தம். அவ்வளவு சின்னச் சத்தம். அவர் அந்த இரண்டு துண்டையும் ரொம்ப நேரம் பார்த்துக்கொண்டிருந்தார்.

அப்படித்தான் அந்தப் படம் பிறந்தது. இரண்டு பேரும் சேர்ந்து எழுதினார்கள். அண்ணன் பக்கம் பக்கமாக வசனம் எழுதுவார், எமில் அடித்துக்கொண்டே வருவார். "முகம் சொல்லிவிட்டது, வாய் எதற்கு?" என்பார். அண்ணனுக்குக் கோபம் வரும். "எங்க சனம் காது கேக்க வருதுங்க" என்பார். சண்டை போட்டுக்கொண்டே ஒரு வழிக்கு வந்தார்கள். கடைசிக் காட்சியில் மட்டும் இருவருக்கும் சண்டையே இல்லை. சபை உட்கார்ந்திருக்கிறது. புருஷன் தலையைத் தூக்கிக்கொண்டு நிற்கிறான். அவள் ஒரு துரும்பை எடுத்துக் கிள்ளிப் போடுகிறாள். திரும்பி நடக்கிறாள். பாட்டு இல்லை, வசனம் இல்லை, ஒரு சத்தம் மட்டும்.

நான் அவர்களிடம் கேட்டது ஒன்றே ஒன்று. "என்ற கதைய எடுத்துக்குங்க. ஆனா அவளத் திருப்பிக் கொண்டுபோயி அவங்கூட உட்ராதீங்க." அண்ணன் என் தலையில் கை வைத்துச் சத்தியம் செய்தார். எமில் தன் நெஞ்சில் கை வைத்தார். அதுவும் சத்தியம்தான் என்று எடுத்துக்கொண்டேன்.

முக்கால் படம் எடுத்தாகிவிட்டது. அப்போது சண்டை மூண்டது. இங்கிலீஷ்காரனும் ஜெர்மன்காரனும் மோதிக்கொள்ள, சேலத்தில் போலீசார் வந்து எமிலைப் பிடித்தார்கள். பட்டப்பகலில், எழுதிக்கொண்டிருந்த மேஜையிலிருந்து. எதிரி நாட்டான் என்றார்கள். "அந்த நாடு என்னை நாய் போலத் துரத்தியது" என்று அவர் சொன்னார். அதெல்லாம் தெரியாது, பிறந்த ஊர் அதுதானே என்றார்கள். எனக்கு வந்த ஆத்திரத்துக்கு அளவே இல்லை. அடித்து விரட்டினாலும் நீ அவன் பெண்டாட்டிதான் என்று என்னிடம் சொன்ன அதே நியாயம். துரத்தினவனுக்கும் நீ சொந்தம், அவனைப் பகைத்தவனுக்கும் நீ எதிரி. வண்டியில் ஏறும்போது அவர் அண்ணனைப் பார்த்து இரண்டு விரலால் எதையோ கிள்ளிக் காட்டினார். கடைசிக் காட்சியை விட்டுவிடாதே என்று அர்த்தம். வடக்கே எங்கோ முகாமில் வைத்ததாகக் கேள்வி. அப்புறம் ஒரு தகவலும் இல்லை.

அவர் போன மறுவாரம் குமாரசாமி முதலாளி அண்ணனைக் கூப்பிட்டார். வெள்ளைக்காரர் இருந்தவரை அந்தக் கடைசிக் காட்சியைப் பற்றி வாயைத் திறக்காத மனுஷன், இப்போது திறந்தார்.

"சென்றாயா, கடைசியில அந்தப் புள்ள புருசன் கால்ல உழுந்தரட்டும்."

"அவன் அவ புள்ளையக் கொன்னவனுங்க."

"அதுக்குத்தான் அவன் திருந்திட்டான்னு ஒரு பாட்டு வச்சுக்கலாமே. கல்லானாலும் கணவன், புல்லானாலும் புருசன். குடும்பப் பொம்பளைக வர வேண்டாமா?"

"புல்லுன்னாக் கிள்ளிப் போட்றலாமுங்களே" என்றார் அண்ணன்.

முதலாளிக்கு முகம் சிவந்துவிட்டது. "கதை உன்னுதா இருக்கட்டும். படம் என்னுது" என்றார்.

அண்ணன் கத்தினார். மேஜையைக் குத்தினார். அவர்கள் வேறு ஆளை வைத்துக் காட்சியை எழுதிக்கொண்டார்கள். ஸ்டூடியோவில் எத்தனை பேர்! என் கையால் காப்பி குடித்தவர்கள், என் கதையைக் கேட்டு மூக்கைச் சிந்தினவர்கள். ஒருத்தராவது 'இது அநியாயம்' என்று சொல்லவில்லை. பூனைக்கு யார் மணி கட்டுவது என்று அவரவர் பூனையின் மடியிலேயே படுத்துக்கொண்டார்கள். படத்துக்கு அண்ணன் வைத்த பேர் 'திரும்பாதவள்'. அதையும் மாற்றி 'பதியே தஞ்சம்' என்று வைத்தார்கள். கதை வசனம் சென்றாயன் என்று கொட்டை எழுத்தில் அண்ணன் பேரைப் போட்டார்கள். எடுத்துவிடுங்கள் என்று அண்ணன் எவ்வளவோ கெஞ்சியும் எடுக்கவில்லை. பேர் போடவில்லை என்று அழுகிற எழுத்தாளர்கள் உண்டு. பேர் போட்டுவிட்டார்களே என்று அழுத எழுத்தாளரை நான் பார்த்திருக்கிறேன்.

வீட்டைக் காலி செய்துவிட்டு எடப்பாடிக்கே வந்துவிட்டோம். அண்ணன் மறுபடியும் தறிக்குழியில் காலை விட்டார்.

படம் வந்தது. ஓடியது. நாசமாய்ப் போக, நன்றாகவே ஓடியது. ஈரோட்டில் கருப்பண்ணன் பார்த்துவிட்டான். அது என் கதை என்று அவனுக்கு யார் சொல்ல வேண்டும்? தறிக்கட்டை வந்ததும் தெரிந்துகொண்டிருப்பான். கடைசியில் அவள் காலில் விழுந்ததும் அவனுக்குத் தலைகால் புரியவில்லை. கூடப்பிறந்த அண்ணனே எழுதிவிட்டான், இதற்கு மேல் என்ன சாட்சி வேண்டும் என்று ஊரெல்லாம் சொல்லித் திரிந்தான். சந்தையில் எங்கள் ஊர்ப் பெண்களே என்னைப் பார்த்து, "உன்ற அண்ணன் எழுதுன மாதிரி நீயும் போயிச் சேந்துக்க அத்தாயி, அவனும் திருந்தியிருப்பான்" என்றார்கள். திருந்தியிருப்பானாம்! ஒரு பாட்டுக்குத் திருந்துகிறவனா அவன்? பெரியதனக்காரர் சின்னண்ணனும் மெதுவாக, "மாரியம்மன் பண்டிகை முடிஞ்சதும் போயிரு சாமி. ஊரு நாயம் அப்படித்தான் இருக்குது" என்று சொல்லிவிட்டார். அண்ணன் சோறு தின்னாமல் தறியில் உட்கார்ந்திருந்தார். நான் கிணற்றை எட்டிப் பார்த்துவிட்டு வந்தேன். உள்ளதைச் சொல்கிறேன், எட்டிப் பார்த்தேன்.

பண்டிகைக்குக் கரீம் பாஷா டெண்ட் வந்தது. கம்பெனிக்காரர்கள் அவர் தலையில் கட்டியதும் அந்தப் படம்தான். அது தெரிந்ததும் கருப்பண்ணனுக்கு ஒரு யோசனை வந்தது. எங்கள் ஊர்ப் பெரியவர்களோடு தானும் உட்கார்ந்து அந்தப் படத்தைப் பார்க்க வேண்டும், படம் முடிந்த கையோடு என்னை வண்டியில் ஏற்றிக்கொண்டு போக வேண்டும். சேலை, பூ, தேங்காய், எல்லாம் தயாராக வில்வண்டி கட்டிக்கொண்டு, தன் பக்கத்துப் பெரியவர்கள் அத்தனை பேரையும் கூட்டிக்கொண்டு வந்தான். காய்ச்சல்காரர், இடுப்புவலிக்காரர், ஒருவர் பாக்கியில்லை. கொட்டகை வாசலில் சின்னண்ணனைக் கும்பிட்டு, "பழசெல்லாம் மறந்துருங்க மாமா" என்று தன் கையாலேயே வெற்றிலைத் தட்டை நீட்டினான். சின்னண்ணன் எடுத்துக்கொண்டு, தன் மடியிலிருந்து வெற்றிலை எடுத்து அவனுக்குக் கொடுத்தார். எல்லாரும் பார்த்தார்கள். பெண்கள் வரிசையில் நின்றுகொண்டு நானும் பார்த்தேன். நுணலும் தன் வாயால் கெடும் என்பார்களே, அந்த நேரம் அது எனக்கே உறைக்கவில்லை.

அண்ணனுக்கு உறைத்தது. அவர் கரீம் பாஷாவிடம் போய் ஏதோ சொன்னார். கரீம் பாஷா தாடியைத் தடவிக்கொண்டு யோசித்தார். "கம்பெனிக்காரங்க இனி எனக்குப் படம் குடுக்க மாட்டாங்க சென்றாயா" என்றார். பிறகு, "குடுக்காட்டிப் போகுது. படம் அவுங்களுது, கொட்டாயி என்னுது" என்றார்.

இருட்டியதும் ஆயில் எஞ்சின் ஓடத் தொடங்கியது. முன்னால் மணலில் ஒரு பக்கம் ஆண்கள், தட்டிக்கு இந்தப் பக்கம் நாங்கள். பின்னால் பெஞ்சுகளில் இரண்டு பக்கத்துப் பெரியவர்களும் கலந்து உட்கார்ந்திருந்தார்கள். நடுவில் கருப்பண்ணன், மாப்பிள்ளை மாதிரி. படம் ஓடியது. என் வாழ்க்கை என் முன்னால் ஓடியது. தறிக்கட்டை வந்தபோது பெண்கள் வயிற்றில் கை வைத்துக்கொண்டார்கள். எனக்கு அழுகை வரவில்லை. கைகால் எல்லாம் எரிந்தது.

கடைசி ரீலுக்கு முன்னால் படம் நின்றது. விளக்கு வந்தது. ரீல் மாற்றுகிறார்கள் என்று கூட்டம் இருந்தது. அண்ணன் திரைக்கு முன்னால் வந்து நின்றார். கையில் அந்தப் பழைய தகரக் குழாய். துருப்பிடித்திருந்தது. பழைய ஆட்கள் சிலர் கண்டுகொண்டு, "சென்றாயன்டா!" என்று கத்தினார்கள்.

"அம்மா, ஐயா, கும்புடறனுங்க" என்றார் அண்ணன். "இந்தக் கதைய எழுதுனது நானுங்க. எழுதுனது இதுவரைக்கும்தான். பெட்டியில இருக்கற கடைசி ரீலு பணக்காரன் எழுதுனது. அத நான் இங்க ஓட்ட உடமாட்டனுங்க. வேணுமின்னா என்னக் கல்லால அடிங்க. இல்லீன்னா ஒக்காந்து கேளுங்க."

அவர் சொல்லத் தொடங்கினார். குரல் பழையபடி வந்துவிட்டது. "சபை கூடீருச்சுங்க. இந்தப் பக்கத்துப் பெரியவங்க ஒக்காந்திருக்கறாங்க. அந்தப் பக்கத்துப் பெரியவங்களும் ஒக்காந்திருக்கறாங்க. வெத்தலை மாத்தியாச்சு. புருசங்காரன் நடுவுல நெஞ்ச நிமித்திக்கிட்டு ஒக்காந்திருக்கறான். மூணு வருசமாச் சபைக்கு வராதவன், இன்னிக்கு அவனே எல்லாரையும் கூட்டிக்கிட்டு வந்திருக்கறான். அந்தப் புள்ள எந்திரிக்குது…"

நான் எழுந்தேன். அவர் என் பேரைச் சொல்லவில்லை, என் பக்கம் பார்க்கவும் இல்லை. நானாகத்தான் எழுந்தேன். பக்கத்துத் தட்டியிலிருந்து ஒரு ஓலை ஈர்க்கை உருவினேன். மணலில் உட்கார்ந்திருந்தவர்கள் வழிவிட்டார்கள். பெஞ்சுக்கு முன்னால் போய், கருப்பண்ணன் முகத்துக்கு நேராக நின்று, இரண்டு பக்கத்துப் பெரியவர்களும் பார்க்க, அதைக் கிள்ளி அவன் காலடியில் போட்டேன். எஞ்சின் ஓடிக்கொண்டிருந்ததால் சத்தம் யாருக்கும் கேட்டிருக்காது. எனக்குக் கேட்டது.

கருப்பண்ணன் துள்ளி எழுந்தான். "பொம்பள கிள்ளிப் போட்டாச் செல்லுமா? படம் பாக்கத்தான வந்தம்? இதென்ன சபையா?"

அவன் பக்கத்து இடுப்புவலிக்காரரும், "ஆமாங்க, நாங்க சபைக்குன்னு வரலீங்களே" என்று இழுத்தார்.

பெண்கள் பக்கத்திலிருந்து ஒரு குரல் வந்தது. "வெத்தல மாத்துனீங்கல்ல? நாங்க கண்ணாலப் பாத்தம்." அது மாரக்காள். முந்தின வாரம் சந்தையில், போய்ச் சேர்ந்துகொள் என்று எனக்குப் புத்தி சொன்னவள். இன்னொருத்தி, "ரெண்டு பக்கத்துப் பெரியவங்களும் இருக்கறீங்க, வேற என்ன வேணும்?" என்றாள். அப்புறம் குரல் யாருடையது என்றே தெரியவில்லை. தட்டி சாய்ந்தது. யாரோ ஒருத்தி கைநிறைய மணலை அள்ளினாள். கருப்பண்ணன் பெஞ்சுக்குப் பின்னால் ஒதுங்கினான்.

எல்லாரும் சின்னண்ணனைப் பார்த்தார்கள். அவர் நல்லவருமில்லை, கெட்டவருமில்லை. காற்றடிக்கிற பக்கம் சாய்கிறவர். அன்றைக்குக் காற்று இந்தப் பக்கம் அடித்தது. மடியிலிருந்த வெற்றிலையை எடுத்துப் பார்த்தார், கீழே கிடந்த ஈர்க்கைப் பார்த்தார். "வெத்தல மாத்துனது வாஸ்தவந்தான்" என்றார். "துரும்பு உழுந்துருச்சு. இனி நான் என்னத்தச் சொல்றது. வண்டியக் கட்டுங்கப்பா."

சேலையும் பூவும் தேங்காயுமாக வந்த வில்வண்டி அப்படியே திரும்பிப் போனது. அந்தக் கடைசி ரீல் அன்றைக்கு ஓடவில்லை. பண்டிகை முடிகிறவரை ஓடவில்லை. அடுத்த ஆட்டங்களுக்கு வந்தவர்கள், "சென்றாயனைக் கூப்புடு" என்று சத்தம் போட்டு, அண்ணன் வந்து சொல்லி முடித்த பிறகுதான் வீட்டுக்குப் போனார்கள்.

அதன் விலையை அவர்தான் கொடுத்தார். கஞ்சமலை பிக்சர்ஸ் கதவைச் சாத்திவிட்டது. அவர்கள் சொல்லி மற்ற கம்பெனிகளும் சாத்திவிட்டன. கரீம் பாஷாவுக்கு வருஷக்கணக்கில் புதுப் படமே கிடைக்கவில்லை. ஒருநாளும் அதை அவர் சொல்லிக்காட்டியதில்லை. அண்ணன் நெய்து என்னைச் சேலத்தில் வாத்தியார் வேலைக்குப் படிக்கவைத்தார். சுதந்திரம் வந்த வருஷம் நெஞ்சு நோயில் போய்விட்டார். போகும்வரை எமிலை விசாரித்துக்கொண்டே இருந்தார். "அந்தாளுக்குத் தெரியோணுமே அம்மிணி, நாம கடைசிக் காட்சிய உடலீன்னு" என்பார். யாரிடம் போய்ச் சொல்வது?

இத்தனை நாள் கழித்து இதை எழுத ஒரு காரணம் இருக்கிறது. அந்தப் பாழாய்ப் போன படம் இன்னும் சாகவில்லை. எடப்பாடி ஒன்றைத் தவிர எல்லா ஊரிலும் அவள் அவன் காலில் விழுந்துகொண்டுதான் இருக்கிறாள். போன மாதம் தாரமங்கலத்தில் போட்டார்களாம். என்னிடம் படித்த ராசாத்தி, புருஷன் கையில் போட்ட சூட்டோடு அங்கே தாய் வீட்டுக்கு வந்திருந்தவள். அவளுடைய ஆத்தாள் படத்தைப் பார்த்து அழுதுவிட்டு வந்து, மறுநாளே மகளைக் கொண்டுபோய் அவனிடம் விட்டுவிட்டாள். கேட்டதிலிருந்து எனக்குக் கரும்பலகையில் எழுத்து நிற்கவில்லை.

வருகிற ஞாயிற்றுக்கிழமை நான் ராசாத்தியைத் தேடிப் போகிறேன். அந்த ஆத்தாள் என்னை வையட்டும், அவன் அடிக்க வரட்டும். கடைசி ரீலைச் சொல்ல அண்ணன் இல்லை. நான் இருக்கிறேன்.